கொட்டை எடுக்காத கிளாஃபுத்தி

வெர்னாக்
13 ஜூன் 1983

அன்புள்ள தங்கை ஒதெத்துக்கு,

அக்கா மார்செலின் எழுதுவது. நானும் கோழிகளும் சுகம். உன் முழங்கால் வீக்கம் வடிந்ததா, நாந்த்தில் மழை ஓய்ந்ததா என்று எழுது. இங்கே இந்த வருஷம் செர்ரி கிளை ஒடியக் காய்த்திருக்கிறது. பறவைகள் தின்றது போக மிச்சம் இருப்பதே இரண்டு குடும்பத்துக்குக் காணும்.

நேற்று ஞாயிற்றுக்கிழமை, வழக்கம்போல தம்பி லெயோனார் வீட்டுக்கு மத்தியானச் சாப்பாட்டுக்குப் போனேன். அவன் வீட்டு மாடியில் வாடகைக்கு வந்தாளே ஒருத்தி, கிஸ்லேன் என்று, வடக்கே லீல் பக்கத்து விதவை, அவளைப் பற்றி ஈஸ்டருக்கே எழுதியிருந்தேன். நல்ல காற்று வாங்கிக்கொண்டு ஒரு மாதத்தில் போகிறேன் என்று வந்தவள். கோடையே வந்துவிட்டது, அவள் போகவில்லை. இப்போது சமையலறையே அவள் கையில். தம்பி பெண்டாட்டி கண் மூடிய நாளிலிருந்து அந்த அடுப்பில் என்னைத் தவிர வேறு பெண் கை வைத்ததில்லை. உனக்கே தெரியும்.

நான் கொஞ்சம் முன்னதாகப் போய்விட்டேன். கொல்லைப் பக்கமாகச் சுற்றி வந்தபோது ஜன்னல் வழியே பார்த்தேன். ஒரு சின்னக் குப்பியிலிருந்து வெள்ளை மாத்திரைகளைக் கொட்டி, கண்ணாடித் தம்ளரின் அடியால் நசுக்கிக்கொண்டிருந்தாள். தூளைக் கத்தியால் வழித்து, பாலும் முட்டையும் மாவும் அடித்து வைத்திருந்த கலவையில் போட்டாள். என்னைக் கண்டதும் குப்பி ஏப்ரன் பைக்குள் போய்விட்டது.

“என்ன அது?” என்றேன்.

“உப்பு, மதாம்.”

உப்பை மாத்திரையாக விற்கும் கடையை இந்த வயது வரை நான் பார்த்ததில்லை.

கடைசியில் இனிப்பாக மேஜைக்கு வந்தது செர்ரிக் கிளாஃபுத்தி. பார்வைக்கு நம்முடையது மாதிரியேதான், ஓரம் உப்பி, நடுவில் செர்ரி முங்கி. ஒரு வாய் வைத்தேன். கொட்டை இல்லை. இன்னொரு வாய். அதிலும் இல்லை.

“கொட்டையெல்லாம் எங்க?”

“ஹேர்பின்னால எடுத்துட்டேன் மதாம். பல்லுல கடிபட்டா என்ன ஆகறது?”

“எங்க ஊர்ல பல்லு முளைக்காத குழந்தைக்குக்கூட கொட்டையைத் துப்பத் தெரியும்.”

லெயோனார் சிரித்தான். “விடு அக்கா. வடக்கத்திக்காரங்களுக்கு வாய் கொஞ்சம் நாசூக்கு.”

கொட்டையோடு வேகும்போதுதானே அந்தப் பாதாம் வாசனை மாவில் இறங்கும். அது இல்லை. இனிப்பு இருந்தது, ஆனால் அது சர்க்கரை இனிப்பு இல்லை. விழுங்கிய பிறகு நாக்கின் ஓரத்தில் ஒரு கசப்பு ஒட்டிக்கொண்டது. அந்தக் கசப்பை நான் முன்பே எங்கேயோ ருசித்திருக்கிறேன். எங்கே என்றுதான் பிடிபடவில்லை.

மனைவியை இழந்த மனிதன், கையில் சொந்த வீடு, தபால் இலாகாவின் ஓய்வூதியம். அவள் அவனுக்கு எதையோ கொடுக்கிறாள் என்று என் மனம் சொல்கிறது. நீ என்ன நினைக்கிறாய், உடனே எழுது.

முழங்காலுக்கு ஓய்வு கொடு.

உன் அக்கா,
மார்செலின்

*

நாந்த்
21 ஜூன்

அன்புள்ள அக்காவுக்கு,

ஒதெத் வணக்கம் சொல்லி எழுதுவது. முழங்கால் பரவாயில்லை, மாடிப்படியில் மட்டும் சண்டித்தனம் பண்ணுகிறது. பள்ளிக்கூடச் சமையலறைக்கு இன்னும் இரண்டு வாரத்தில் கோடை விடுமுறை. அதுவரை பானைகளோடு மல்லுக்கட்ட வேண்டும்.

உன் கடிதத்தைப் படித்துச் சிரித்தேன். கொட்டையை எடுத்துவிட்டால் குடி முழுகிவிடுமா? எங்கள் பள்ளிக்கூடத்தில் கொட்டையோடு கிளாஃபுத்தி போட்டால் என்னை வேலையை விட்டே அனுப்பிவிடுவார்கள். அவள் ஊர்ப் பழக்கம் அவளுக்கு. பேக்கிங் பவுடரைக்கூட மாத்திரையாக விற்கிறார்கள் என்று கேள்வி. நீ மனதைப் போட்டு அலட்டிக்கொள்ளாதே.

லெயோனார் அண்ணன் எப்படி நடக்கிறான்? காலில் செருப்பு கடித்த புண், கொப்புளம் ஏதாவது உண்டா? சும்மாதான் கேட்கிறேன். தபால்காரன் கால் ஆயிற்றே.

கோழிகளை விசாரித்ததாகச் சொல்.

தங்கை,
ஒதெத்

*

வெர்னாக்
29 ஜூன்

அன்புள்ள ஒதெத்துக்கு,

உன் கடிதம் வந்தது. நீ சுகமென்று அறிந்து நிம்மதி. எனக்கு இடுப்பு வலி திரும்ப வந்திருக்கிறது. இரவில் அம்மா வழக்கப்படி செர்ரிக்கொட்டைப் பையை அடுப்பில் காட்டி ஒத்தடம் கொடுத்துக்கொள்கிறேன்.

அவன் காலைப் பற்றி எதற்குக் கேட்டாய்? ஐம்பத்தொன்பது வயது ஆம்பிளையின் கால் கொப்புளம் உனக்கு நாந்த்தில் எப்படி ஞாபகம் வந்தது? அவன் உனக்கு ஏதாவது எழுதினானா? எழுதினால் என்னிடம் மறைக்காதே.

நான் ஒரு காரியம் தொடங்கியிருக்கிறேன். போன இரண்டு சனிக்கிழமையும் சாயந்தரம் நம் அம்மா செய்கிறபடி ஒரு முழுக் கிளாஃபுத்தி செய்து, சுட்ட மண் ஓட்டோடு சுடச்சுட அவன் வீட்டுப் படியில் கொண்டுபோய் வைத்தேன். கொட்டையோடு, கை தாராளமாகச் சர்க்கரை போட்டு, மேலேயும் தூவி. அந்த வடக்கத்தியின் தூளுக்கு நடுவே அவன் வாரத்துக்கு ஒரு தரமாவது நல்லதைத் தின்னட்டும். இனி செர்ரி இருக்கும் வரை எல்லாச் சனிக்கிழமையும் உண்டு.

செவ்வாய்க்கிழமை ஓடு திரும்பி வருகிறது, நக்கி வைத்த மாதிரி. கூடவே ஒரு கண்ணாடி ஜாடியில் கொட்டைகள், கழுவிக் காயவைத்து. அம்மா காலத்து வழக்கத்தை அவன் மறக்கவில்லை பார். தின்றவன் கொட்டையைத் திருப்ப வேண்டும், அது பைக்குள் போக வேண்டும். ஒரு கொட்டை குறைந்தாலும் அம்மா நம் வாயைத் திறக்கச் சொல்வாளே. அந்தக் கொட்டைகளைப் புதுத் துணியில் தைத்து வருகிறேன். இந்த வருஷம் பை தலையணை அளவுக்கு வந்துவிடும். அவன் முழுசாகத் தின்கிறான் என்பதற்கு எனக்கு வேறு சாட்சி வேண்டாம்.

இன்னொன்று. சனிக்கிழமை காஃபேயில் சீட்டாடப் போவதை அவன் நிறுத்திவிட்டான். முப்பது வருஷப் பழக்கம். கேட்டால் சலித்துவிட்டதாம். எவள் நிறுத்தினாள் என்று நான் கேட்க வேண்டுமா?

பதில் எழுது. கேட்ட கேள்விக்குப் பதில் எழுது.

அக்கா,
மார்செலின்

*

நாந்த்
5 ஜூலை

அன்புள்ள அக்கா,

இடுப்பு எப்படி இருக்கிறது? குனிந்து களை எடுக்காதே. இங்கே வெயில், மீன் மார்க்கெட் வாடை ஜன்னல் வரை வருகிறது. மற்றபடி சௌக்கியம்.

சீட்டாட்டம் எல்லோருக்கும் ஒரு நாள் சலிக்கும். அதை விடு.

கிளாஃபுத்தி அனுப்புவது நல்ல எண்ணம்தான். ஆனால் வாராவாரம் வேண்டாமே அக்கா. முழு ஓடு ஒரு ஆளுக்கு அதிகம். வயது ஏறுகிறது, வயிறு தாங்க வேண்டும். அனுப்பித்தான் ஆக வேண்டும் என்றால் பாதி ஓடு, அதில் சர்க்கரையைக் கால் பங்காகக் குறை. மேலே தூவாதே. கறுப்புச் செர்ரிக்கு அதன் தித்திப்பே போதும். இதைத் தங்கை சொல்வதாக எடுத்துக்கொள்ளாதே, சமையல்காரி சொல்வதாக எடுத்துக்கொள்.

வேறென்ன எழுத. பூனை குட்டி போட்டிருக்கிறது, எல்லாம் வரி போட்ட குட்டிகள்.

ஒதெத்

*

வெர்னாக்
10 ஜூலை

ஒதெத்துக்கு,

சுகம். நீயும் சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன்.

அவன் உனக்கு எழுதினானா என்று கேட்டேன். நீ பூனைக்குட்டியைப் பற்றி எழுதியிருக்கிறாய். நாற்பது வருஷமாக எனக்குக் கிளாஃபுத்தி செய்யத் தெரியும். உன் சர்க்கரைக் கணக்கைப் பள்ளிக்கூடத்தில் வைத்துக்கொள்.

போன ஞாயிறு அவள் செய்த துண்டொன்றைக் கைக்குட்டையில் முடிந்து கொண்டுவந்தேன். மறுநாள் ஊஸேர்ஷ் டவுனுக்குப் போய் மருந்துக்கடைக்காரரிடம் நீட்டினேன்.

“இதுல என்ன கலந்திருக்குன்னு பார்த்துச் சொல்லுங்க.”

அவர் முகர்ந்தார். கொஞ்சம் கிள்ளி நாக்கில் வைத்தார். முகம் மாறியது.

“மதாம், இது யாரு வீட்ல செஞ்சது?”

“என் தம்பி வீட்ல.”

“அப்ப உங்க தம்பியையே கேளுங்க. நான் சொல்றது முறையில்ல.”

எது முறையில்லை? விஷமென்றால் சொல்ல வேண்டாமா? விஷமில்லையென்றால் இல்லை என்று சொல்வதில் என்ன முறைகேடு? அவரும் அவள் பக்கம் என்றே நினைக்கிறேன், மாத்திரை விற்பவர் அவர்தானே.

இப்போது அவனுக்கு வரும் கடிதங்களை அவள் பிரிக்கிறாள். என் கண்ணால் பார்த்தேன். பிரித்து, படித்து, பிறகு அவனிடம் ஏதோ சொல்கிறாள். ஊருக்கெல்லாம் கடிதம் சுமந்தவனுக்குத் தன் கடிதத்தைப் பிரிக்கக் கை வரவில்லை. முகச்சவரமும் அவள்தான் செய்துவிடுகிறாள். தெருவில் புதுப் பெண்டாட்டி மாதிரி அவன் கையைக் கோத்துக்கொண்டு நடக்கிறாள். அவனும் அதற்கு இசைகிறான்.

ஆளும் ஊதிக்கொண்டே போகிறாள். வந்தபோது கம்பு மாதிரி இருந்தவளுக்குப் பாவாடைக் கொக்கி எட்டாமல் ஊக்கு குத்தியிருக்கிறாள். என் தம்பி வீட்டுச் சோறு நன்றாகத்தான் உடம்பில் ஒட்டுகிறது.

மார்செலின்

*

வெர்னாக்
30 ஜூலை

ஒதெத்துக்கு,

நீ சுகமா என்று கேட்பதற்குக்கூட எனக்கு இப்போது தயக்கமாக இருக்கிறது. என் போன கடிதத்துக்கு நீ பதில் போடவில்லை. ஆனால் நாந்த்திலிருந்து வெர்னாக்குக்குக் கடிதம் வராமலில்லை. புதுத் தபால்காரப் பெண் வாயாடி. “மதாம், உங்க தங்கச்சி கையெழுத்து முத்து முத்தா இருக்கு, உங்க தம்பி வீட்டுக்கு இந்த மாசம் மூணாவது கடிதம்,” என்றாள். என்னைப் பாராட்டுவதாக நினைத்துச் சொன்னாள்.

அந்த வீட்டில் கடிதத்தைப் பிரிப்பது யார் என்று உனக்கு எழுதினேன். தெரிந்துதானே எழுதுகிறாய்? ஆக, நீ எழுதுவது அவளுக்கு. என் முதுகுக்குப் பின்னால் நீங்கள் மூவரும் சேர்ந்து என்ன சமைக்கிறீர்கள்? வீட்டை விற்கிறீர்களா? அவளைக் கட்டிக்கொள்கிறானா? என்னிடம் சொன்னால் நான் குறுக்கே விழுந்து தடுப்பேன் என்று பயமா? பயப்படுவது சரிதான், விழுவேன்.

வியாழக்கிழமை தோட்டத்தில் அவனைத் தனியாகப் பிடித்தேன்.

“அவ இங்க இருக்கணும், இல்ல நான் இந்த வீட்டுப் படி ஏறணும். ரெண்டுல ஒண்ணு சொல்லு.”

அவன் தலையைத் தூக்கி, “மழை வர்ற மாதிரி இருக்கு அக்கா, சீக்கிரம் வீடு போய்ச் சேரு,” என்றான்.

வானம் துடைத்துவிட்ட மாதிரி நீலமாக இருந்தது. என்னைத் துரத்த அவனுக்கு வேறு பொய் கிடைக்கவில்லை. என் தம்பி என்னிடம் பொய் சொல்லி நான் பார்த்ததில்லை ஒதெத். வீட்டுக்கு வந்து அழுதேன், அதை உன்னிடம் மறைக்க மாட்டேன்.

ஆகஸ்ட் பதினைந்து மாதா திருநாள் விருந்துக்கு அத்தை பிள்ளைகள் எல்லோரும் வருவார்கள். அவர்கள் முன்னால், அந்தக் குப்பியை மேஜை மேல் வைக்கச் சொல்லிக் கேட்கப் போகிறேன். அவள் அன்றே மூட்டை கட்டுவாள். அதுவரை என் சனிக்கிழமைக் கிளாஃபுத்தி நிற்காது. மரத்தில் பழம் தீர்ந்தால் என்ன, ஜாடியில் போட்டு வைத்தது இருக்கிறது. அவன் அதை விடாமல் தின்கிறான். அந்த ஒன்றுதான் எனக்கு ஆறுதல்.

மார்செலின்

*

நாந்த்
3 ஆகஸ்ட்

என் அருமை அக்கா,

இன்றைக்கு நலம் விசாரிக்க எனக்கு மனமில்லை. உட்கார்ந்துகொண்டு படி.

அண்ணனிடம் கொடுத்த வாக்கை இப்போது உடைக்கிறேன். அவனுக்குச் சர்க்கரை வியாதி. போன இலையுதிர் காலத்திலேயே ப்ரீவ் நகரத்து டாக்டர் சொல்லிவிட்டார். அது கண்ணில் இறங்கிவிட்டது. இடது கண்ணில் வெளிச்சமும் இருட்டும்தான் தெரிகிறது. வலது கண்ணைக் காப்பாற்றத்தான் இத்தனை பாடும். அதனால்தான் சீட்டு இல்லை, சவரம் இல்லை, கை கோத்த நடை. அன்றைக்குத் தோட்டத்தில் அவன் பொய் சொல்லவில்லை அக்கா. வானம் அவனுக்கு அப்படித்தான் தெரிந்திருக்கும்.

அந்த மாத்திரை சாக்கரின். மருந்துக்கடையில் டாக்டர் சீட்டு காட்டி வாங்குவது. கிஸ்லேனின் புருஷனுக்கும் இதே வியாதி இருந்தது. மாடிக்கு வந்த முதல் வாரமே அண்ணன் ஓயாமல் தண்ணீர் குடிப்பதையும், தடவிப் படி இறங்குவதையும் பார்த்துக் கண்டுபிடித்துவிட்டாள். அவனுக்குக் கிளாஃபுத்தி இல்லாத ஜூன் மாதம் ஜூன் மாதமே இல்லை என்று தெரிந்து, தானே முயன்று முயன்று ஒன்று செய்தாள். அவன் சொல்லச் சொல்ல எனக்குக் கடிதம் எழுதுவதும் அவள்தான். என் பதிலை அவனுக்குப் படித்துக் காட்டுவதும் அவள்தான்.

உன்னிடம் ஏன் மறைத்தான் என்று கேட்பாய். அத்தானின் இதய வியாதியில் நீ எப்படி இருந்தாய் என்று அவன் பார்த்திருக்கிறான். அவர் மூச்சைக்கூட நீ எண்ணினாய். “அக்காகிட்ட சொன்னா நான் நோயாளி ஆயிடுவேன். சொல்லலைன்னா தம்பியாவே இருப்பேன்.” இதுதான் அவன் சொன்னது. நான் வாயை மூடிக்கொண்டேன். காலை விசாரித்தேன், சர்க்கரையைக் குறை என்றேன், அதற்கு மேல் எனக்குத் தைரியம் வரவில்லை.

இப்போது கெஞ்சிக் கேட்கிறேன். சனிக்கிழமைக் கிளாஃபுத்தியை நிறுத்து. நீ அனுப்பும் ஒவ்வொரு துண்டும் அவன் வலது கண்ணுக்குள் போகிறது.

உன்மேல் கோபம் இல்லாத,
ஒதெத்

*

வெர்னாக்
8 ஆகஸ்ட்

ஒதெத்,

படித்தேன். நின்றுகொண்டேதான் படித்தேன், பிறகு உட்கார்ந்தேன்.

அந்தக் கசப்பு எதென்று இப்போது தெரிந்துவிட்டது. யுத்தத்தில் ஜெர்மன்காரன் இருந்த காலத்தில் சர்க்கரை கிடைக்காமல் காபியில் போட்டுக் குடித்தோமே, அதே சாக்கரின். நாக்குக்குத் தெரிந்தது எனக்குத் தெரியவில்லை. அவளை விஷம் வைப்பவள் என்று உனக்கு எழுதி எழுதிக் கை ஓய்ந்தேன். வைத்தவள் நான்தான். கை தாராளமாக, மேலேயும் தூவி.

அவன் ஏன் வேண்டாம் என்று சொல்லவில்லை? ஒரு வார்த்தை போதுமே. என் மனம் நோகும் என்றா ஒவ்வொரு வாரமும் முழுக் கிளாஃபுத்தியையும் தின்று தீர்த்தான்? எத்தனை ஜாடிக் கொட்டை அனுப்பினான் தெரியுமா? எல்லாம் தைத்து முடித்து முழுத் தலையணை ஆகிவிட்டது. நேற்று இரவு அதைத் தொட முடியவில்லை. இடுப்பு வலிக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

இந்தச் சனிக்கிழமை ஓடு போகவில்லை. விருந்துக்குப் போவதா வேண்டாமா என்று எனக்குத் தெரியவில்லை. எந்த முகத்தோடு போவேன்?

மார்செலின்

*

நாந்த்
11 ஆகஸ்ட்

அன்புள்ள அக்கா,

ஒழுங்காகச் சாப்பிடு, தூங்கு. அது முதல் விஷயம்.

இரண்டாவது விஷயம் எனக்கே புரியவில்லை. நேற்று அண்ணன் வீட்டிலிருந்து கடிதம் வந்தது. ஜூலை கடைசியில் ப்ரீவ் டாக்டர் இரத்தம் பார்த்தாராம். சர்க்கரை நன்றாக இறங்கியிருக்கிறது, வலது கண் அப்படியே நிற்கிறது, இப்படியே இருங்கள் என்று தட்டிக் கொடுத்து அனுப்பினாராம். நீ அனுப்பியதையெல்லாம் அவன் தின்றிருந்தால் இது எப்படி நடக்கும்? கோழிக்குப் போட்டிருப்பார்களோ?

நீ விருந்துக்குப் போ. போகாவிட்டால்தான் அவன் நோயாளி ஆகிவிடுவான்.

ஒதெத்

*

வெர்னாக்
17 ஆகஸ்ட்

அன்புத் தங்கை ஒதெத்துக்கு,

நான் சுகம். முழங்காலோடு நீயும் சுகமாக இருக்க வேண்டுகிறேன். இது கொஞ்சம் நீளமான கடிதம்.

உன் கடிதத்தை முதலில் நான் நம்பவில்லை. என்னைத் தேற்றுவதற்காக நீ டாக்டரைத் துணைக்கு அழைக்கிறாய் என்று நினைத்தேன். கோழி தின்றால் தின்னட்டும், ஆனால் எந்தக் கோழியும் கொட்டையைக் கழுவிக் காயவைத்து ஜாடியில் போட்டுத் திருப்பி அனுப்பாது. அந்தக் குழப்பத்தோடுதான் திங்கட்கிழமை கிளம்பினேன். அந்த வீட்டுக்கு வெறுங்கையோடு போனது இதுதான் முதல் தடவை.

லெயோனார் கதவைத் திறந்தான். “வா அக்கா,” என்று என் காதுக்குப் பக்கத்தில் எதையோ பார்த்துச் சொன்னான். இத்தனை நாள் இதை நான் பார்க்காமல் அவள் பாவாடை ஊக்கைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன். கன்னத்தில் முத்தம் கொடுத்துவிட்டு உள்ளே போனேன். அத்தை பிள்ளைகள் வந்து உட்கார்ந்திருந்தார்கள். கிஸ்லேன் சூப்போடு வந்தாள். தாடையைச் சுற்றித் துணி கட்டியிருந்தது, ஒரு பக்கக் கன்னம் பன் மாதிரி வீங்கியிருந்தது.

“என்னாச்சு?” என்றேன்.

“கடைவாய்ப் பல்லு உடைஞ்சிடுச்சு மதாம். பல் டாக்டர் லீவுல போயிருக்காராம், மாசக் கடைசியிலதான் வருவாராம்.”

“எதைக் கடிச்சீங்க?”

அவள் லெயோனாரைப் பார்த்தாள். அவன் ஸ்பூனைத் துழாவினான்.

“ரொட்டி மதாம். பழைய ரொட்டி.”

மேஜையில் எல்லோரும் சிரித்தார்கள், எந்த பேக்கரி என்று கேலி பண்ணினார்கள். நான் சூப்பைக் குடித்துக்கொண்டே யோசித்தேன். உன் அக்காவுக்குச் சந்தேகப்பட மட்டும் யாரும் சொல்லித்தர வேண்டாம். ரொட்டியில் எவள் பல் உடையும்? பல்லை உடைப்பது கல், இல்லையென்றால் கொட்டை. ஆனால் இவள் ஒவ்வொரு செர்ரியிலும் ஹேர்பின் விட்டுக் கொட்டையை எடுப்பவள். இவள் வாய்க்குக் கொட்டை எப்படிப் போகும்? அந்த வீட்டுக்குள் கொட்டையோடு வருவது ஒரே ஒரு ஓடுதான். அது என்னுடையது. எங்கள் ஊர்க்காரி யாரும் அதில் பல்லை உடைத்துக்கொள்ள மாட்டாள்.

தட்டுகளை எடுத்துக்கொண்டு அவள் பின்னாலேயே சமையலறைக்குப் போய்க் கதவைச் சாத்தினேன்.

“என் கிளாஃபுத்தியைத் தின்னது யாரு?”

அவள் தட்டுகளைக் கீழே வைத்தாள். “நான்தான் மதாம்.”

“முழுசுமா?”

“முழுசும். சனிக்கிழமை பாதி, ஞாயித்துக்கிழமை பாதி. அவருக்கு ஒரே ஒரு பழம் எடுத்து வாயில வெப்பேன். அதுக்கு மேல கேட்டா குடுக்க மாட்டேன்.”

“கொட்டியிருக்கலாமே. கோழிக்குப் போட்டிருக்கலாமே.”

“அக்கா செஞ்சு அனுப்பினதைக் கொட்டினா அவருக்குத் தூக்கம் வராது. வேண்டாம்னு திருப்பி அனுப்பினா உங்களுக்குத் தூக்கம் வராது. எனக்கு நல்லாத் தூக்கம் வரும். அதான் நானே தின்னேன்.”

நான் அவள் இடுப்பைப் பார்த்தேன். ஊக்குகூட இப்போது எட்டவில்லை, கயிறு கட்டியிருந்தாள்.

“கொட்டை?”

“அதுதான் மதாம் பெரிய பாடு. கொட்டையோட தின்னு எங்களுக்குப் பழக்கமில்ல. ஒவ்வொண்ணா துழாவித் துப்பி, கழுவி வெயில்ல வெப்பேன். ஒண்ணு குறைஞ்சாலும் நீங்க கண்டுபிடிச்சுடுவீங்கன்னு அவர் சொன்னார். கடைசி ஓட்டுல ஒண்ணு தப்பிடுச்சு.” கன்னத்தைத் தொட்டுக்கொண்டாள். “ஆனா ஒண்ணு சொல்றேன். என்னோடத விட உங்களோடதுதான் நல்லா இருக்கு.”

எனக்குச் சிரிப்பு வந்ததா அழுகை வந்ததா என்று கேட்காதே, இரண்டும் வந்தது. வெட்கமும் வந்தது. ஜூன் மாதத்திலிருந்து நான் இடுப்புக்குக் கொடுத்த ஒத்தடமெல்லாம் அந்த வடக்கத்தி வாயிலிருந்து வந்த கொட்டை. அவளைத் துரத்த வழி யோசித்துக்கொண்டு அதன் மேல்தான் படுத்திருந்திருக்கிறேன்.

கதவுக்கு அந்தப் பக்கத்திலிருந்து லெயோனாரின் குரல் வந்தது. கண் மங்கினாலும் காது மங்கவில்லை. “அக்கா, அதுல வாரத்துக்கு ஒண்ணு என்னோடது. மறந்துடாத.”

நான் கதவைத் திறந்து, “வாயைத் திற, பார்க்கணும்,” என்றேன், அம்மா மாதிரி. அவன் திறந்தான். அத்தை பிள்ளைகளுக்கு எங்களுக்குப் பைத்தியம் பிடித்துவிட்டது என்று தோன்றியிருக்கும். குப்பியைப் பற்றி நான் கேட்கவில்லை. அவனும் கண்ணைப் பற்றிச் சொல்லவில்லை. எனக்குத் தெரியும் என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது, அது போதும்.

சாயந்தரம் வீட்டுக்குப் போய்த் தலையணையை எடுத்து வந்தேன். அவள் அடுப்பிலேயே காட்டிச் சூடாக்கி, அவளை நாற்காலியில் உட்காரவைத்து, வீங்கின கன்னத்தில் வைத்து அழுத்திப் பிடித்தேன். அவள் கண்ணை மூடிக்கொண்டாள். வலி இறங்கியிருக்க வேண்டும், தோள் தளர்ந்தது.

“சூடு சரியா இருக்கா?”

“இருக்கு மதாம்.”

“மதாமெல்லாம் போதும். மார்செலின்னு கூப்பிடுங்க.”

நேற்று அவளுக்கு மெல்ல முடியாததால் சமையல் நான். ஜாடிச் செர்ரியில் ஹேர்பின் விட்டுக் கொட்டை எடுத்தேன். கை முழுக்கச் சாறு, பாதிப் பழம் நசுங்கிப்போயிற்று. மாத்திரையைத் தம்ளரால் நசுக்கினேன். எத்தனை என்று அவள் விரலைக் காட்டினாள். வெந்து வந்ததில் வாசனை இல்லை, ஓரம் முறுகவில்லை, கசப்பு அப்படியே இருந்தது. நான் இதைக் கிளாஃபுத்தி என்று ஒப்புக்கொள்ள மாட்டேன். லெயோனார் இரண்டாம் துண்டு கேட்டான். கிஸ்லேன் கூடாது என்று தலையாட்டினாள். நானும் கொடுக்கவில்லை.

கிளம்பும்போது, வீக்கம் வற்றியதும் தலையணையைத் துவைத்துத் திருப்பித் தருகிறேன் என்றாள். வேண்டாம், அது உங்களுடையதுதான் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

லீவு இருக்கும்போதே ஒரு நடை வந்து போ. வரும்போது அவளுக்குப் பெரிய அளவில் ஒரு பாவாடை வாங்கி வா.

உன் அக்கா,
மார்செலின்